பழைய காடிக்கு ஈசியூ சாஃப்ட்வேர் அப்டேட்: செய்வதா, சும்மா விடுவதா?

கெப்போங்வாசி:
அண்ணன்மாரே, ஒரு யோசனை சொல்லுங்கள். என்னுடையது 2009 ஜப்பான் செடான், 1.5 எஞ்சின், ஆட்டோ கியர், செகண்ட்ஹேண்டில் வாங்கியது. பிராண்ட் பெயரைப் போடவில்லை, போட்டால் மூன்றாவது பதிலிலேயே பிராண்ட் சண்டை ஆரம்பித்துவிடும். காலையில் ஸ்டார்ட் செய்தால் ஐட்லிங் (மிதிக்காமல் எஞ்சின் ஓடும் வேகம்) ஏறி இறங்கி ஆடுகிறது, ஜாலான் கூச்சிங் நெரிசலில் லேசாக மிதிக்கும்போது ஒரு சின்ன வெட்டு. செக் எஞ்சின் விளக்கு எரியவில்லை. சர்வீஸ் சென்டரில் கம்ப்யூட்டரைப் போட்டுப் பார்த்துவிட்டு, ஈசியூவில் (எஞ்சினை நடத்தும் கம்ப்யூட்டர் பெட்டி) இருப்பது பழைய சாஃப்ட்வேர், புதியது வந்து பல வருஷமாகிறது, இருநூற்றுச் சொச்சம் வெள்ளி ஆகும் என்கிறார்கள். செந்தூலில் இருக்கும் என் போமனோ (மெக்கானிக்), ஓடுகிற காடியின் மூளையில் கை வைக்காதே, பாதியில் கரண்ட் போனால் பெட்டி செத்துப்போகும் என்கிறார். யார் பேச்சைக் கேட்பது?

ஸ்கேனர்ராஜா:
செய்துவிடுங்கள் தம்பி. "ஓடுகிற காடியில் கை வைக்காதே" எல்லாம் கார்புரேட்டர் காலத்துப் பேச்சு. தயாரிப்பாளர் பொழுது போகாமல் புது சாஃப்ட்வேர் விடுவதில்லை. காடி விற்ற பிறகு ஊர் ஊராகப் புகார் வரும், அதைப் பார்த்து எஞ்சின் குளிர்ந்திருக்கும்போது எவ்வளவு பெட்ரோல் கொடுப்பது, ஸ்பார்க் எப்போது, ஐட்லிங் எந்த ஆர்பிஎம், கியர் எப்போது மாறுவது என்ற அட்டவணைகளைத் திருத்தி, எந்தக் கோளாறுக்கு எந்தப் பதிப்பு என்று பட்டறைகளுக்குச் சர்வீஸ் புல்லட்டின் அனுப்புவார்கள். 2014 பிப்ரவரியில் டொயோட்டா மூன்றாம் தலைமுறை பிரியஸ் காடிகளை, உலகம் முழுக்க 19 லட்சம், எதற்காகத் திரும்ப அழைத்தது? ஹைப்ரிட் பகுதியில் இருக்கும் டிரான்சிஸ்டர் சூடேறி காடி வழியில் நின்றுபோகலாம் என்பதால், அந்தச் சூடு வராதபடி சாஃப்ட்வேரை மாற்றுவதற்காக. அதுவரை அவையும் "நன்றாக ஓடிய" காடிகள்தான்.

பழையவாஜா:
ராஜா, ஒரு பக்கத்தை மட்டும் சொல்கிறீர்கள். 2013-இல் ஜப்பானில் வந்த ஹோண்டா ஃபிட் ஹைப்ரிட் ஓராண்டு சுற்றுக்குள் ஐந்து முறை திரும்ப அழைக்கப்பட்டது. அதில் பல, இரட்டைக் கிளட்ச் கியரை நடத்தும் சாஃப்ட்வேர் விவகாரம். திருத்தியதையே திரும்பத் திருத்தினார்கள், 2014 அக்டோபரில் தலைமை அதிகாரிகளே சம்பளத்தைக் குறைத்துக்கொள்ளும் நிலை வந்தது. அப்டேட் என்றால் முன்னேற்றம் என்று எந்தச் சட்டமும் இல்லை.

ஆனால் இந்தத் தம்பியின் கதையில் கேள்வியே வேறு. பெல்ட் தேயும், ரப்பர் வெடிக்கும், சென்சர் அழுக்காகும், சாஃப்ட்வேர் தேயாது. 2009-இல் ஏறிய அதே பைட்டுகள்தான் இன்றும் உள்ளே இருக்கின்றன. அதே சாஃப்ட்வேரில் இத்தனை வருஷம் ஆடாமல் ஓடிய எஞ்சின் இப்போது ஆடினால், மாறியது வேறு ஏதோ ஒன்று. அதைத் தேடாமல் மூளையை மாற்றி எழுதுவதில் எனக்கு உடன்பாடு இல்லை.

டர்போதம்பி:
இரண்டும் வேண்டாம் பிரதர், ரீமேப் அடித்துவிடுங்கள், வெளி டியூனரை வைத்து ஈசியூ அட்டவணைகளையே மாற்றி எழுதுவது. எனக்குத் தெரிந்த டியூனர் பத்துக்கு மேல் குதிரைசக்தி ஏற்றிக் கொடுப்பார், ஐட்லிங்கும் சேர்த்துச் சரி செய்வார் 😎

பழையவாஜா:
டர்போ இல்லாத 1.5-இல் பத்தா? டர்போ எஞ்சின் என்றால் பூஸ்ட்டை ஏற்றலாம், இங்கே இக்னிஷனைக் கொஞ்சம் முன்னால் தள்ளுவதைத் தவிரப் பெரிதாக எதுவும் இல்லை. தள்ளினால் ஆக்டேன் கூடின ரோன் 97 பெட்ரோல் கேட்கும். 2025 செப்டம்பர் கடைசியில் மானிய விலைப் பெட்ரோலான பூடி 95 லிட்டர் 1.99 வெள்ளிக்குத் தொடங்கிய பிறகு, மானியம் இல்லாத 97-ஐ வாரா வாரம் விலை பார்த்து ஊற்ற எவனுக்கு ஆசை? இன்சூரன்ஸ் கம்பெனிக்குச் சொல்லாமல் எஞ்சினில் மாற்றம் செய்தால் விபத்து நேரத்தில் கிளெய்மில் தகராறு வரலாம், அது தனிக் கதை.

ஸ்கேனர்ராஜா:
டர்போதம்பியை விடுங்கள், இவர் கேட்டது தயாரிப்பாளரின் அப்டேட், ரீமேப் அல்ல. வாஜா அண்ணே, "மாறியது வேறு ஏதோ ஒன்று" என்றீர்கள். பெட்ரோலும்தான் மாறியது. 2009-இல் ரோன் 92 போய் 95 வந்தது, 2020 ஜனவரியில் 95-ம் யூரோ 4எம் என்ற எரிபொருள் தரத்துக்கு மாறியது. பழைய பெட்ரோலுக்கு எழுதிய கணக்கு புதுப் பெட்ரோலுக்கு எப்படிப் பொருந்தும்?

பழையவாஜா:
யூரோ 4எம்மில் என்ன மாறியது என்று பாருங்கள். முக்கியமானது கந்தகம், மில்லியனுக்கு 500 பங்கு இருந்த உச்ச வரம்பு 50-க்கு இறங்கியது. அது புகையைச் சுத்தம் செய்யும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டருக்கு நல்லது. ஆக்டேன் அதே 95, ஸ்பார்க் நேரத்துக்கும் கந்தகத்துக்கும் சம்பந்தம் இல்லை. பெட்ரோலில் வரும் சின்னச் சின்ன வித்தியாசங்களை ஆக்சிஜன் சென்சரும், எஞ்சின் தட்டலைக் கண்டுபிடிக்கும் நாக் சென்சரும் ஓடும்போதே ஈடுகட்டும், அதற்காகத்தானே வைத்திருக்கிறார்கள்.

தயாரிப்பாளரை நம்பு என்பவர்களுக்கு இன்னொன்று. 2015 செப்டம்பரில் ஃபோக்ஸ்வாகன் டீசல் விவகாரம் வெடித்தது, சோதனையில் மட்டும் புகையைக் குறைத்துக் காட்டும் சாஃப்ட்வேர், உலகம் முழுக்கச் சுமார் 1 கோடியே 10 லட்சம் காடிகள். ஐரோப்பாவில் அதற்குக் கொடுத்த மருந்து என்ன? சாஃப்ட்வேர் அப்டேட். அந்த அப்டேட்டுக்குப் பிறகும் புகைச் சுத்திகரிப்பு முழுதாக வேலை செய்தது வெளி வெப்பம் 15-லிருந்து 33 டிகிரிக்குள், 1000 மீட்டர் உயரத்துக்குக் கீழே இருந்தால் மட்டும். 2022 ஜூலையில் லக்சம்பர்க்கில் இருக்கும் ஐரோப்பிய நீதிமன்றம், அதுவும் தடைசெய்யப்பட்ட ஏமாற்றுக் கருவிதான் என்றது. மருந்தே சட்டவிரோதம்! (33 டிகிரி என்பது கோலாலம்பூரில் சாதாரண மத்தியானம்.) அப்டேட் யாருடைய நன்மைக்காக எழுதப்பட்டது என்று கேட்பதில் தப்பே இல்லை.

ஸ்கேனர்ராஜா:
ஐரோப்பிய டீசல் வழக்கைக் கொண்டுவந்து கெப்போங் பெட்ரோல் செடானின் தலையில் கட்டுகிறீர்களே அண்ணே 😂 ஆடுகிற ஐட்லிங்குக்கும் லக்சம்பர்க் நீதிமன்றத்துக்கும் என்ன உறவு?

சர்க்யூட்அக்கா:
பினாங்கிலிருந்து எழுதுகிறேன், ஈசியூ போர்டு ரிப்பேர் என் வேலை. கரண்ட் போனால் பெட்டி செத்துப்போகும் என்ற பயம் பாதி சரி, பாதி பழசு. ஃப்ளாஷ் மெமரி உள்ள பெரும்பாலான பெட்டிகளில் பூட்லோடர் என்று ஒரு சின்னப் பகுதி தனியாகப் பூட்டப்பட்டிருக்கும், சாதாரண அப்டேட் அதைத் தொடாது. எழுதும்போது நடுவில் அறுந்தால் காடி ஸ்டார்ட் ஆகாது, ஆனால் பூட்லோடர் உயிரோடு இருக்கும்வரை மறுபடி முதலிலிருந்து எழுதலாம். என் மேசைக்கு வருகிறவை பெரும்பாலும் கள்ள நகல் கேபிளும் எங்கிருந்தோ இறக்கிய ஃபைலும் வைத்து வீட்டு வாசலில் செய்தவை. வேறு மாடலின் ஃபைல், செக்சம் (சரிபார்ப்புக் கூட்டுத்தொகை) சரியில்லாத ஃபைல், பூட்லோடரையும் சேர்த்து அழித்தது, இப்படி. அப்போது பெட்டியைக் கழற்றி மேசையில் வைத்து நேரடியாக எழுத வேண்டும், திருட்டைத் தடுக்கும் இம்மொபிலைசர் தகவல் போயிருந்தால் சாவியோடு மறுபடி சேர்க்க வேண்டும். செலவு எகிறும்.

வோல்டேஜ்தான் உண்மையான ஆபத்து. எழுதும்போது எஞ்சின் ஓடாது, சாவி ஆனில் இருக்கும், பல பெட்டிகளும் சில நேரம் ரேடியேட்டர் ஃபேனும் பேட்டரியை உறிஞ்சும். நம் ஊர்ச் சூட்டில் பேட்டரி சீக்கிரமே தளர்ந்துவிடுகிறது. ஆகவே நிலையாக 13 வோல்ட்டுக்கு மேல் பிடித்து வைக்கும் பவர் சப்ளை வேண்டும். சாதாரண சார்ஜர் போதாது, அதன் வோல்டேஜ் அலை அலையாக ஆடும். சர்வீஸ் சென்டரில் அந்தக் கருவி இருக்கிறதா என்று முதலில் கேளுங்கள்.

செகண்ட்ஹேண்ட் என்கிறீர்கள், அதனால் இன்னொரு விஷயம். உங்கள் வயசுக் காடியில் கோளாறு பார்க்கும் சாக்கெட்டில் மாட்டும் சாதாரண ஓபிடி ரீடரிலேயே காலிப்ரேஷன் ஐடி தெரிய வாய்ப்பு அதிகம், கூடவே சிவிஎன் என்று ஒரு சரிபார்ப்பு எண்ணும் இருக்கும். ஐடி என்பது பதிப்பின் பெயர், சிவிஎன் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடப்படுவது. பழைய ஓனர் ரீமேப் செய்திருந்தால் ஐடி அப்படியே இருந்து சிவிஎன் மட்டும் மாறியிருக்கலாம். அப்படியென்றால் "சாஃப்ட்வேர் தேயாது" என்ற வாஜா அண்ணனின் வாதமே இங்கே ஆட்டம் காணும், ஏனென்றால் உள்ளே இருப்பது தொழிற்சாலையில் எழுதியதா என்பதே தெரியாது.

பழையவாஜா:
அக்கா சொன்னதை ஏற்கிறேன். ஆனால் அதுவும் பார்த்துவிட்டுச் செய்யும் வேலை, பார்க்காமல் செய்வது அல்ல.

தம்பி, 30 வெள்ளி ரீடர் ஒன்று வாங்குங்கள், படிப்பதற்கு மட்டும். எஞ்சின் நன்றாகச் சூடானதும் லாங் டேர்ம் ஃபியூவல் டிரிம் என்ற எண்ணைப் பாருங்கள். ஈசியூ தன் அட்டவணைப்படி பெட்ரோல் ஊற்றுகிறது, ஆக்சிஜன் சென்சர் குறை சொன்னால் கூட்டிக் குறைத்துப் பழகிக்கொள்கிறது, அந்தப் பழக்கம்தான் அந்த எண். பூஜ்யத்துக்கு அக்கம்பக்கம் நல்லது, பத்து சதவீதத்துக்கு மேல் போனால் யோசிக்க வேண்டும். முதலில் ஐட்லிங்கில் பாருங்கள், அப்புறம் 2,500 ஆர்பிஎம்மில் பிடித்துப் பாருங்கள். ஐட்லிங்கில் கூடுதலாக இருந்து 2,500-இல் இறங்கினால் எங்கோ வெக்குவம் ஹோஸ் (எஞ்சின் காற்றை உறிஞ்சும் பக்கத்து ரப்பர் குழாய்) வெடித்திருக்கிறது, அளக்கப்படாத காற்று உள்ளே போகிறது. ஐட்லிங்கில் எஞ்சின் இழுக்கும் காற்றே கொஞ்சம், அதனால் சின்ன ஓட்டையும் பெரிதாகத் தெரியும். இரண்டிலும் கூடுதலாக இருந்து மிதிக்க மிதிக்க ஏறினால் பெட்ரோல் பம்ப், ஃபில்டர், அல்லது ஏர்ஃப்ளோ சென்சரில் அழுக்கு. டிரிம் சரியாக இருந்தும் ஆடினால் திராட்டில் பாடி, பிளக், காயில் பக்கம் போங்கள். இதற்குப் பிறகும் ஒன்றும் அகப்படவில்லை என்றால் ராஜாவிடம் போங்கள், தடுக்க மாட்டேன்.

ஸ்கேனர்ராஜா:
ஒரு திருத்தம். இந்தக் கணக்கு ஏர்ஃப்ளோ சென்சர் உள்ள காடிக்குத்தான் இவ்வளவு தெளிவாக வரும். காற்று உள்ளே போகும் மேனிஃபோல்ட் குழாயின் அழுத்தத்தை வைத்துக் கணக்கிடும் காடியில் கசிவு இருந்தால் அந்தக் காற்றையும் சேர்த்தே கணக்கு போடும், டிரிம் பெரிதாக நகராது, ஐட்லிங் ஆர்பிஎம்தான் ஏறும். அண்ணன் எல்லாக் காடியும் ஒரே மாதிரி என்று நினைக்கிறார்.

விராபிரியன்:
நடுவில் புகுந்ததற்கு மன்னிக்கவும். 90-களின் புரோட்டான் விரா, 4ஜி15 எஞ்சின், எனக்கும் அப்டேட் கிடைக்குமா?

சர்க்யூட்அக்கா:
அந்தக் காலத்துப் பெட்டிகளில் ஓபிடி வழியாக எழுதும் வசதி இல்லை, புரோகிராம் சிப்பிலேயே உட்கார்ந்திருக்கும். மிட்சுபிஷி வகைப் பெட்டிகளில் கப்பாசிட்டர் கசிந்து போர்டைத் தின்பது உலகறிந்த நோய். பெட்டியைத் திறந்து மீன் வாடை அடிக்கிறதா பாருங்கள், அடித்தால் ஓட்டுவதை நிறுத்திவிட்டுக் கப்பாசிட்டர்களை மாற்றுங்கள். ஹாஃப்கட் (வெட்டிய பழைய காடிகளின் பாகங்கள் விற்கும்) கடையில் கிடைக்கும் பழைய பெட்டிக்கும் அதே வயசு, அதே நோய்.

கெப்போங்வாசி:
ரீடர் வாங்கிவிட்டேன். ஏர் ஃபில்டர் பெட்டிக்குப் பக்கத்தில் ஏர்ஃப்ளோ சென்சர் இருக்கிறது. சூடான பிறகு ஐட்லிங்கில் லாங் டேர்ம் +17, 2,500-இல் +4. காலிப்ரேஷன் ஐடி வந்தது, சிவிஎன்னும் வந்தது, ஆனால் எதனோடு ஒப்பிடுவது என்று தெரியவில்லை.

பழையவாஜா:
வெக்குவம் கசிவு, கிட்டத்தட்ட எழுதியே கொடுத்துவிட்டது. பிசிவி ஹோஸ் (எஞ்சினுக்குள் சேரும் வாயுவை மறுபடி உறிஞ்சும் குழாய்), பிரேக் பூஸ்டர் ஹோஸ், இன்டேக் கேஸ்கெட், இந்த வரிசையில் பாருங்கள். போமன் கார்ப் கிளீனர் அடித்து ஆர்பிஎம் மாறுகிறதா என்று பார்ப்பார், சூடான எஞ்சினில் அது தீப்பிடிக்கலாம், புகை விட்டுக் கசிவைக் காட்டும் ஸ்மோக் டெஸ்டர் உள்ள பட்டறையாகப் பாருங்கள். +17-ல் ஓடுகிற காடியில் புது சாஃப்ட்வேரை ஏற்றினால் என்ன ஆகும் தெரியுமா? பழகிய டிரிம் பெரும்பாலும் அழிந்து பூஜ்யத்திலிருந்து தொடங்கும், முதல் நாள் இன்னும் மோசமாக ஆடும், பிறகு மெதுவாக அதே +17-க்குப் போய் நிற்கும். இருநூறு வெள்ளிக்கு அதே ஓட்டை.

ஸ்கேனர்ராஜா:
கசிவை முதலில் பார்க்கட்டும், அதில் சண்டை இல்லை. ஆனால் லேசாக மிதிக்கும்போது வரும் வெட்டுக்கு இந்த மாடலில் புல்லட்டின் இருந்தால் அது கசிவோடு சேர்ந்த தனிக் கோளாறு. ஹோஸ் மாற்றியதும் ஐட்லிங் அடங்கி வெட்டு மட்டும் மிஞ்சினால் அப்டேட் செய்தே ஆக வேண்டும். சர்வீஸ் சென்டரில் புல்லட்டின் எண்ணைக் கேளுங்கள், உங்கள் ஐடி அந்தப் பட்டியலில் இருக்கிறதா என்று காட்டச் சொல்லுங்கள். சிவிஎன்னையும் அவர்களிடமே ஒப்பிடச் சொல்லலாம்.

பழையவாஜா:
மிஞ்சாது. மிஞ்சினால் காயிலைப் பாருங்கள். காயிலும் சரியென்றால் அப்புறம் பேசுவோம்.

கெப்போங்வாசி:
பிசிவி ஹோஸ் அடிப்பக்கம் வெடித்திருக்கிறது, கை வைத்தாலே பிய்கிறது. ஒரிஜினல் ஹோஸ் ஆர்டர் போட்டாயிற்று, சனிக்கிழமை மாட்டுவோம். சர்வீஸ் சென்டருக்கும் போன் செய்தேன். பவர் சப்ளை இருக்கிறதாம். புல்லட்டின் எண் கேட்டதற்கு "அதெல்லாம் சிஸ்டத்தில் இருக்கும்" என்றார்கள்.

பழையவாஜா:
அப்படியென்றால் இருநூறு வெள்ளியையும் சிஸ்டத்திலேயே எடுத்துக்கொள்ளச் சொல்லுங்கள்.

ஸ்கேனர்ராஜா:
😂 சரி, எதற்கும் சனிக்கிழமைக்குப் பிறகு சில நாள் ஓட்டிவிட்டு டிரிம் எண்ணையும், வெட்டு இருக்கிறதா என்பதையும் இங்கே போடுங்கள். அப்டேட்டுக்குப் போவதாக இருந்தால் எழுதுவதற்கு முன்பும் பின்பும் ஐடி தெரியும்படி ஸ்கிரீனைப் போட்டோ எடுத்துக்கொள்ளுங்கள். போட்டோ எடுக்க விடவில்லை என்றால் வேறு கிளைக்குப் போங்கள்.