வீட்டு இணைப்பில் கடை: ₹61,000 அபராத பில்லுக்கு எங்கே முறையிடுவது?

மாடிவீடு:
வீட்டின் முன்அறையை செல்போன் பழுதுபார்க்கும் கடைக்கு வாடகைக்கு விட்டிருக்கிறேன். மீட்டர் ஒன்றுதான், வீட்டு டாரிஃப். போன வாரம் மின்வாரியத்திலிருந்து ஆய்வுக்கு வந்தார்கள். இப்போது மின்சாரச் சட்டம் 126-ஆம் பிரிவின் கீழ் ₹61,000-க்குத் தற்காலிக மதிப்பீட்டு உத்தரவு வந்திருக்கிறது. 12 மாதத்துக்குக் கணக்குப் போட்டிருக்கிறார்கள். ஆனால் கடை வந்தே ஐந்து மாதம்தான் ஆகிறது, அதற்கு முன் அந்த அறை பூட்டிக் கிடந்தது. வந்தவர்களில் ஒருவர், "இது கரண்ட் திருட்டு, பேசாமல் கட்டிவிடுங்கள்" என்றார். நுகர்வோர் நீதிமன்றம் போகலாமா?

தறிக்காரன்:
தாராளமாகப் போங்கள். என் மச்சானுக்கு மீட்டர் கோளாறால் தாறுமாறாக பில் வந்தது. அங்கேதான் ரத்து ஆனது.

பழைய ஏ.இ.:
தறிக்காரன் தம்பி, மச்சானுடையது பில் தகராறு, இது 126, அதாவது அனுமதி இல்லாத பயன்பாட்டுக்கான மதிப்பீடு. இரண்டையும் ஒன்றாகப் போட்டுக் குழப்ப வேண்டாம். 126 மதிப்பீட்டை எதிர்த்து நுகர்வோர் மன்றத்தில் புகார் செல்லாது என்று அனீஸ் அகமது வழக்கில் 2013-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சிவில் கோர்ட்டும் இல்லை, 145-ஆம் பிரிவு தடுக்கிறது. உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு போட்டால், மேல்முறையீடு இருக்கும்போது இங்கே ஏன் வந்தீர்கள் என்றுதான் பெரும்பாலும் கேட்பார்கள். உங்கள் தரப்பைக் கேட்காமலே இறுதி உத்தரவு போட்டிருந்தால் அது வேறு கதை.

மாடிவீடு சார், திருட்டு என்று வாயால் யாரும் சொல்லலாம். காகிதத்தில் 135-ஆம் பிரிவு (மின் திருட்டு) இருக்கிறதா பாருங்கள். அது குற்ற வழக்கு, நேர்மையற்ற எண்ணம் இருந்ததைக் காட்ட வேண்டும். இருந்தால் வக்கீலைப் பாருங்கள். 126 மட்டும் என்றால் எண்ணத்தைப் பற்றிக் கேள்வியே இல்லை. வீட்டுக்கு வாங்கிய மின்சாரம் கடைக்குப் போனதா, இல்லையா, அவ்வளவுதான். அதனால் "எனக்குத் தெரியாது" என்று நாலு பக்கம் எழுதிப் பயனில்லை. நான் மின்வாரியத்தில் ஏ.இ.யாக (உதவிப் பொறியாளர்) இருந்தபோது அப்படி வந்த கடிதங்களில் முதல் பத்தியைத் தாண்டியதில்லை, சொல்லிவிடுகிறேன்.

உங்களுக்குப் பிடிமானம் அந்த ஐந்து மாதம்தான். எத்தனை காலம் நடந்தது என்று கண்டுபிடிக்க முடியாவிட்டால்தான் ஆய்வு நாளுக்கு முந்தைய 12 மாதம். கண்டுபிடிக்க முடிந்தால் அந்தக் காலத்துக்கு மட்டும். வாடகை ஒப்பந்தம், கடைக்காரர் எடுத்த உரிமம், அவர் வாங்கிய பொருள்களின் பழைய பில் எல்லாம் சேருங்கள். எல்லாவற்றையும்விட உங்கள் வெள்ளை அட்டை (மீட்டர் ரீடிங் குறிக்கும் அட்டை) பேசும். கடை வந்த பிறகு யூனிட் ஏறியிருந்தால் அந்த ரீடிங்கை வட்டமிட்டு நகல் வையுங்கள். கடைக்கான வீதத்தில் இரண்டு மடங்கு, அதில் பேரம் இல்லை. ஆனால் அதே மாதங்களுக்கு நீங்கள் ஏற்கெனவே கட்டியதைக் கழித்தார்களா என்று எழுத்தில் கேளுங்கள்.

ஆட்சேபத்தை உடனே கொடுத்து, நகலில் சீல் வாங்குங்கள். தற்காலிக உத்தரவு கிடைத்த நாளிலிருந்து 30 நாளுக்குள் இறுதி உத்தரவு வர வேண்டும்.

மாடிவீடு:
நன்றி ஐயா. ஏழு நாளில் கட்டினால் முடிந்துவிடும் என்கிறார்களே?

பழைய ஏ.இ.:
முடியும், உங்கள் உரிமையும் சேர்ந்து. ஏற்றுக்கொண்டு கட்டலாம் என்று சட்டத்திலேயே இருக்கிறது. ஆனால் சம்மதத்தின் பேரில் போட்ட உத்தரவுக்கு மேல்முறையீடு கிடையாது. "ஒப்புக்கொள்கிறேன்" என்ற தாளில் கையெழுத்துப் போடாதீர்கள்.

தறிக்காரன்:
சரி ஐயா, இறுதி உத்தரவும் பாதகமாக வந்தால்?

பழைய ஏ.இ.:
30 நாளுக்குள் 127-இல் மேல்முறையீடு. மதிப்பீட்டுத் தொகையில் பாதியை முதலில் கட்ட வேண்டும், முன்பு மூன்றில் ஒரு பங்காக இருந்தது. 61,000 அப்படியே நின்றால் 30,500. ஐந்து மாதமாகக் குறைந்தால் முன்பணமும் குறையும், அதனால்தான் ஆட்சேபத்தில் இத்தனை அழுத்தம் கொடுக்கிறேன். பணத்தையும் கட்டாமல் மேல்முறையீடும் செய்யாமல் இருந்தால், கெடு முடிந்த பின் ஆண்டுக்கு 16 சதவீத வட்டி, ஆறு மாதத்துக்கு ஒருமுறை கூட்டு வட்டியாக ஏறும்.

மாடிவீடு:
கடைக்காரர் தம்பி பாதி தருகிறேன் என்கிறார். அவர் பெயரையும் சேர்க்கச் சொல்லலாமா?

பழைய ஏ.இ.:
கேட்கலாம். "அந்தப் பயன்பாட்டால் பலன் பெற்ற வேறு நபர்" மீதும் மதிப்பிட 126(1) இடம் கொடுக்கிறது. ஆட்சேபத்திலேயே எழுதுங்கள். அவர்கள் சேர்க்காவிட்டாலும், பாதி தருவதாக அவரிடம் இப்போதே எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். அப்புறம் முதல் வேலையாகக் கடைக்குத் தனி இணைப்புக்கு விண்ணப்பியுங்கள். அதே கம்பியில் கடை ஓடினால் அடுத்த ஆய்விலும் இதே பில்தான்.