நேரில் பார்த்த சாட்சியிடம் காக்னிட்டிவ் இன்டர்வியூ: எதைக் கட்டாயம் செய்யணும், எதை விடலாம்?

பொன்னி_குற்றவியல்

வணக்கம். குற்றவியல் முதுகலை படிக்கிறேன். பயிற்சியில் இருக்கும் எஸ்.ஐ.க்கள் முன்னால் ஒரு மாதிரி சாட்சி விசாரணை நடத்திக் காட்ட வேண்டும். கற்பனை வழக்கு இதுதான்: மாலை ஆறரை மணி. பால் பூத் அருகே நடந்துபோன 58 வயது அம்மாவின் தாலிச் சங்கிலியை, பைக்கில் வந்த இரண்டு பேரில் பின்னால் உட்கார்ந்திருந்தவன் அறுத்துக்கொண்டு போகிறான். சாட்சிகள் அந்த அம்மாவும் எதிரே இருக்கும் இஸ்திரிக் கடைக்காரரும்.

காக்னிட்டிவ் இன்டர்வியூ என்பது சாட்சி தன் நினைவிலிருந்து அதிகமாக எடுத்துச் சொல்ல உதவும் விசாரணை முறை. உளவியலாளர்கள் ஃபிஷரும் கைசல்மனும் 1980-களில் உருவாக்கிய அந்த முறையின் நான்கு உத்திகளும் பாடத்தில் இருக்கின்றன. சூழலை மனதில் மீட்பது, எதையும் விடாமல் சொல்லவைப்பது, வரிசையை மாற்றிச் சொல்லவைப்பது, இன்னொருவர் கோணத்திலிருந்து சொல்லவைப்பது. பெயர்கள் புரிகின்றன, ஆனால் வாய் திறந்து என்ன சொல்வது என்று தெரியவில்லை. "சம்பவச் சூழலை மனதில் மீட்டெடுங்கள்" என்றால் அந்த அம்மா முழிப்பார். நான்கையும் செய்ய நேரமும் இருக்காது. எதை விட்டால் நஷ்டம் குறைவு? நிறையப் பேசவைத்தால் தப்பும் நிறைய வராதா?

---

கலங்கரை

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன் பொன்னி, ஏனென்றால் எஸ்.ஐ.க்களும் அதைத்தான் கேட்பார்கள். தப்பும் கொஞ்சம் கூடும். அதுவரை நடந்த ஆய்வுகளை 1999-ல் கோன்கன் குழு தொகுத்துப் பார்த்தது. சரியான விவரங்கள் நிறையக் கூடியிருந்தன, தவறானவை சிறிதளவு கூடியிருந்தன. சொன்னவற்றில் சரியானவை இந்த முறையில் 85 விழுக்காடு, சாதாரண விசாரணையில் 82. ஆகவே "இதைச் செய்தால் சாட்சி பிசகாமல் சொல்வார்" என்று வாக்குக் கொடுக்காதீர்கள். நம்பகத்தன்மை ஏறக்குறைய அதேதான், கிடைக்கும் தகவல்தான் அதிகம். 1989-ல் மயாமி வழிப்பறிப் பிரிவுத் துப்பறிவாளர்களிடம் சோதித்தபோது, பயிற்சி பெற்றவர்கள் தங்கள் பழைய விசாரணைகளைவிட 47 விழுக்காடு கூடுதல் தகவல் பெற்றார்கள்.

நான்கு உத்திகளுக்கும் முன்னால் நிற்கும் ஒரு விஷயம் உண்டு: குறுக்கே பேசாமல் இருப்பது. அமெரிக்கப் போலீஸ் விசாரணைகளின் ஒலிப்பதிவுகளை 1987-ல் ஃபிஷர் குழு ஆராய்ந்தது. சாட்சி சொல்லத் தொடங்கி சராசரியாக 7.5 நொடியில் அதிகாரி இடைமறித்திருந்தார். ஒரு விசாரணைக்கு விரிவாகப் பேசவிடும் கேள்விகள் சராசரியாக 3, ஒற்றை வரியில் பதில் கேட்கும் கேள்விகள் 26. இதில் கெடுதல் இரண்டு வகை. நினைவுகூர மனம் ஒருமுகப்பட வேண்டும், நடுவில் "ஹெல்மெட் போட்டிருந்தானா?" என்றால் அது கலைந்துபோகும். அதைவிட மோசமானது, மூன்று நான்கு முறை வெட்டப்பட்டதும் சாட்சி தானாகவே சுருக்கிப் பேச ஆரம்பித்துவிடுவார். அதற்குப் பிறகு "வேற ஏதாவது ஞாபகம் இருக்கா?" என்று கேட்டால் "இல்லைங்க" என்றுதான் வரும்.

அதனால் தொடக்கத்திலேயே பொறுப்பை அவர் கையில் கொடுங்கள். "நான் அங்க இல்லைம்மா, பார்த்தது நீங்கதான். நான் ஒண்ணொண்ணா கேட்கப் போறதில்லை, நீங்க சொல்லுங்க, நான் கேட்டுக்கறேன்." போலீஸ் என்றால் கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லிப் பழகியவர்களுக்கு இந்த இரண்டு வாக்கியம் மிக அவசியம்.

சூழலை மீட்பதற்கு நான் பரிந்துரைக்கும் பேச்சு இப்படி இருக்கும். மெதுவாக, ஒவ்வொரு வரிக்கும் நடுவில் நாலைந்து நொடி விட்டு:

"அவசரமே இல்லைம்மா. கண்ணை மூடிக்கிறது சௌகரியமா இருந்தா மூடிக்கோங்க, இல்லைன்னா அந்தச் சுவரைப் பார்த்துக்கிட்டிருங்க. அது நடக்கறதுக்குக் கொஞ்சம் முன்னாடி எங்க இருந்தீங்கன்னு நினைச்சுப் பாருங்க. சுத்தி என்ன இருந்துச்சு. வெளிச்சம் எப்படி இருந்துச்சு. என்ன காதுல விழுந்துச்சு. கையில என்ன வச்சிருந்தீங்க. மனசுல என்ன ஓடிக்கிட்டிருந்துச்சு. இப்ப எனக்குப் பதில் சொல்ல வேண்டாம். அந்த இடம் நல்லாத் தெரிய ஆரம்பிச்சதும் சொல்லுங்க. இதெல்லாம் எதுக்குன்னு எதையும் விட்டுடாதீங்க. தெரியாததை ஊகிச்சுச் சொல்ல வேண்டாம், தெரியலைன்னா தெரியலைன்னே சொல்லலாம்."

இதில் பால் பூத், பைக், தெருவிளக்கு எதுவுமே இல்லை என்பதைக் கவனியுங்கள். "தெருவிளக்கு எரிஞ்சுக்கிட்டிருந்ததை நினைச்சுப் பாருங்க" என்றால், எரியாத விளக்கும் அவர் நினைவில் எரிய ஆரம்பிக்கும். அடிக்கடி நடக்கும் இன்னொரு பிழை, இதை எழுதிவைத்துக் கடகடவென்று வாசிப்பது. நொடிகளை விடாவிட்டால் இதைச் செய்வதில் பயனே இல்லை.

கடைசி இரண்டு வரிகள்தான் "எதையும் விடாமல் சொல்லுங்கள்" என்ற உத்தி. "ஊகிக்க வேண்டாம்" என்பதைச் சேர்க்காமல் அதை மட்டும் சொன்னால், அதிகாரியைத் திருப்திப்படுத்த இட்டு நிரப்புவார்கள்.

முழுக்கச் சொல்லி முடித்த பிறகு கேள்விகள். எஃப்.ஐ.ஆர். படிவ வரிசையில் கேட்காதீர்கள், அவர் மனதில் இருக்கும் காட்சியின் வரிசையில் கேளுங்கள். "கை கழுத்துக்கிட்ட வந்துச்சு" என்றாரா? அந்தக் கையைப் பற்றி எல்லாவற்றையும் அங்கேயே முடித்துவிடுங்கள்: "அந்தக் கையைப் பத்தி என்னென்ன தெரியுதோ சொல்லுங்க." சட்டைக் கை, வாட்ச், கயிறு, காப்பு எல்லாம் அவரே சொல்லட்டும். கையிலிருந்து பைக்குக்குத் தாவி, மறுபடி கைக்கு வந்தால், ஒரே காட்சியை இரண்டு முறை மனதில் எழுப்ப வேண்டும். இரண்டாவது முறை மங்கலாகத்தான் வரும்.

அதற்கும் பிறகு, தெம்பு இருந்தால், சங்கிலி போன நொடியிலிருந்து பின்னோக்கிச் சொல்லவைக்கலாம். "பின்னாடியிருந்து வந்தாங்க, பறிச்சாங்க, போயிட்டாங்க" என்ற வழக்கமான கதை வரிசை உடையும்போது அதில் விட்டுப்போன சின்ன விஷயங்கள் வெளியே வரும்.

---

தாமரை_வக்கீல்

கலங்கரை சார் சொன்னதோடு கேள்வியின் அமைப்பையும் சேர்த்துக்கொள்ளுங்கள் பொன்னி. நம் பேச்சில் "சிவப்புச் சட்டைதானே?", "ரெண்டு பேரும் ஹெல்மெட் போடலை இல்ல?" என்று முடிப்பது சர்வசாதாரணம். கேட்பவருக்கு அது உறுதிப்படுத்துவதாகத் தோன்றும், சாட்சிக்கு அது விடை. லாஃப்டஸும் பாமரும் 1974-ல் செய்த சோதனையில், ஒரே விபத்துப் படத்தைப் பார்த்தவர்களிடம் கார்கள் "மோதியபோது" என்று கேட்டதற்கும் "மோதி நொறுங்கியபோது" என்று கேட்டதற்கும் வேக மதிப்பீடே மாறியது. ஒரு வாரம் கழித்து உடைந்த கண்ணாடி பார்த்தீர்களா என்று கேட்டபோது, "நொறுங்கிய" குழுவில் 50 பேரில் 16 பேர் ஆம் என்றார்கள், "மோதிய" குழுவில் 7 பேர். படத்தில் உடைந்த கண்ணாடியே கிடையாது. "சட்டை என்ன நிறம்?" என்பதுகூட சட்டையைப் பற்றி அவர் பேசிய பிறகு கேட்க வேண்டியது. அதற்கு முன் "என்ன போட்டிருந்தான்?" போதும்.

எஸ்.ஐ.க்களுக்கு இது ஏன் முக்கியம் என்பதைச் சட்டத்தோடு சேர்த்துச் சொன்னால்தான் ஏறும். பி.என்.எஸ்.எஸ். என்ற புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 180-ல், பழைய சட்டத்தின் 161-ல், எழுதப்படும் வாக்குமூலத்தில் சாட்சி கையெழுத்துப் போடுவதில்லை. பிரிவு 181-ன்படி அது பிற்பாடு பெரும்பாலும் அவரை முரண்படுத்தத்தான் பயன்படும். முக்கியமான ஒன்றைச் சொல்லாமல் விட்டதும் முரண்பாடாகலாம் என்று அதன் விளக்கத்திலேயே இருக்கிறது. சாட்சி கையில் காப்பு இருந்தது என்று நிலையத்தில் சொல்லி, எழுதியவர் "அடையாளம் தெரியாத நபர்" என்று சுருக்கியிருந்தால், கூண்டில் காப்பைச் சொன்னதும் "போலீசில் சொல்லாததை இப்போது ஜோடித்துச் சொல்கிறீர்கள்" என்றுதான் குறுக்கு விசாரணை போகும். நன்றாக விசாரித்ததன் பலன் முழுவதும் எழுத்தில் தொலைந்துபோகும் இடம் இது. எனவே அவர் வார்த்தையிலேயே எழுதுங்கள். "கருப்பா, ஒல்லியா, பல்லு எத்தின மாதிரி" என்றதை "மாநிறம், நடுத்தர உடல்வாகு" என்று மாற்றி எழுதக் கூடாது. அந்தப் பிரிவே ஒலி-ஒளிப் பதிவுக்கு இடம் தருகிறது. செய்து காட்டும்போது ஒரு கைப்பேசியையாவது ஸ்டாண்டில் வையுங்கள்.

இன்னொன்று. பெண் சாட்சியை அவர் வசிக்கும் இடத்தைத் தவிர வேறு எங்கும் வரும்படி கட்டாயப்படுத்தக் கூடாது என்பது பிரிவு 179. அவரே விரும்பினால் நிலையத்துக்கு வரலாம். ஆகவே உங்கள் மாதிரி விசாரணை அந்த அம்மாவின் வீட்டில் நடப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். அங்கே மகனும் பக்கத்து வீட்டுக்காரரும் "நீதான் அன்னிக்குப் பல்சர்னு சொன்னியேம்மா" என்று எடுத்துக்கொடுப்பார்கள். துணைக்கு ஒருவர் இருக்கட்டும், அவர் சாட்சியின் கண்ணில் படாமல் சற்றுப் பின்னால் உட்காரட்டும், பேச வேண்டாம் என்று முன்பே சொல்லிவிடுங்கள். டிவியை அணைக்கச் சொல்ல மறக்காதீர்கள்.

---

பொன்னி_குற்றவியல்

மிக்க நன்றி இருவருக்கும். இரண்டு சந்தேகம் பாக்கி. இஸ்திரிக் கடைக்காரர் அந்த அம்மாவோடு ஏற்கெனவே பேசிவிட்டார், பக்கத்துக் கடை சிசிடிவி காட்சியையும் வாட்ஸப்பில் பார்த்துவிட்டார் என்று வழக்கில் வைத்திருக்கிறார்கள். வண்டி நம்பர் "ஏதோ பார்த்தேன், ஞாபகம் இல்லை" என்கிறார். அவரை எப்படிக் கையாள்வது?

---

நீலமேகம்

நல்ல சிக்கலாகத்தான் வைத்திருக்கிறார்கள் தங்கச்சி. நிஜத்தில் பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும்.

ஒன்றாகப் பேசிய சாட்சிகளின் நினைவு ஒன்றோடொன்று கலந்துவிடும். 2003-ல் கேபர்ட், மெமன், ஆலன் செய்த சோதனையில், ஒரே சம்பவத்தைச் சற்று வேறான படங்களில் பார்த்துவிட்டுத் தங்களுக்குள் பேசிக்கொண்டவர்களில் 71 விழுக்காட்டினர், தாங்கள் பார்க்காத, மற்றவர் சொன்ன ஒரு விவரத்தையாவது தம் நினைவாகச் சொன்னார்கள். நடந்துமுடிந்த கலப்பை அழிக்க முடியாது. எது எங்கிருந்து வந்தது என்று பிரித்து எழுதலாம். முதலில் அவரைச் சுதந்திரமாகச் சொல்லவிடுங்கள். முடித்த பிறகு, யார் யாரோடு பேசினார், எந்த வீடியோவை எத்தனை முறை பார்த்தார் என்று தனியாகக் கேளுங்கள். பிறகு முக்கியமான ஒவ்வொரு விவரத்துக்கும் "இது கடையில நின்னப்பவே கண்ணுல பட்டதா, அப்புறம் வீடியோவுல பார்த்ததா, யாராவது சொன்னதா?" என்று கேளுங்கள். "பிரிச்சுச் சொல்லத் தெரியலை" என்றால் அதையும் அப்படியே எழுதுங்கள். மூல ஆதாரக் கேள்வியை முதலிலேயே கேட்டால் மனிதர் உஷாராகிப் பாதியை விழுங்கிவிடுவார்.

வண்டி எண்ணுக்கு, முழு எண்ணைக் கேட்காமல் துண்டு துண்டாகப் போகலாம். கடைசி நாலு இலக்கத்தில் ஒரே எண் திரும்ப வந்ததா, பெரிய எண்களா சின்னவையா, நடுவில் ஆங்கில எழுத்து ஒன்றா இரண்டா, நம்பர் பிளேட்டில் வேறு ஏதாவது எழுதியிருந்ததா. இது ஃபிஷர், கைசல்மனின் முறையிலேயே இருப்பதுதான். கேட்ட பெயர் நினைவுக்கு வராவிட்டாலும் இதே வழி: முதல் எழுத்து அகரமா, ககரமா என்று வரிசையாக மனதில் ஓட்டிப் பார்க்கச் சொல்வது. கிடைப்பது பகுதி எண்தான் என்று குறிப்பில் தெளிவாக இருக்கட்டும், மீதியை நீங்கள் பூர்த்தி செய்யாதீர்கள்.

கலங்கரை சாரிடம் ஒரு விஷயத்தில் வேறுபடுகிறேன். பின்னோக்கிச் சொல்லவைப்பதை இந்த வழக்கில் நான் வைக்கமாட்டேன். சம்பவமே சில நொடிதான், திருப்பிச் சொல்ல அதில் அதிக வரிசை இல்லை. நீண்ட சம்பவம், அடிதடி, கடைக்குள் நடந்த கொள்ளை என்றால் சரி. அதற்குப் பதிலாக ஒரு வெள்ளைத் தாளும் பேனாவும் கொடுத்து, தான் நின்ற இடம், வண்டி வந்த வழி, போன வழி என்று கடைக்காரரை வரையச் சொல்லுங்கள், வரையும்போதே பேசட்டும். இங்கிலாந்தில் டாண்டோவும் சக ஆய்வாளர்களும் இதை மனதில் மீட்பதற்கு மாற்றாகவே சோதித்திருக்கிறார்கள். நேரம் குறைவாக இருக்கும்போது நல்ல பலன் தருகிறது. மேஜையில் நீங்களே போட்ட வரைபடம் இருக்கக் கூடாது.

நான்காவது உத்தியை, இன்னொருவர் கோணத்தை, தாராளமாக விடுங்கள். "பால் பூத்காரர் என்ன பார்த்திருப்பார்?" என்றால் சாட்சி கற்பனை செய்ய ஆரம்பிப்பார், குறிப்பாகக் குழந்தைகள். அவர்களுக்கு அதைச் செய்யவே வேண்டாம். இங்கிலாந்துப் போலீசார் மத்தியில் எடுத்த ஆய்வுகளிலும் இந்த உத்தியும் வரிசை மாற்றுவதும்தான் மிகக் குறைவாகப் பயன்படுத்தப்படுகின்றன. ஆக உங்கள் வரிசை: உறவாடல், பொறுப்பை ஒப்படைத்தல், சூழல், இடைமறிக்காத முழுச் சொல்லல், காட்சி காட்சியாகக் கேள்விகள், வரைபடம், மூலம் பிரித்தல். அந்த அம்மாவுக்கு வரைபடம் தேவைப்படாமல் போகலாம். அவருக்குச் சூழலை மீட்கும்போது கழுத்தைப் பிடித்துக்கொண்டு அழுகை வந்தால், அந்த இடத்திலேயே நிறுத்தித் தண்ணீர் கொடுத்து, தொடரலாமா என்று அவரையே கேட்டுவிட்டுத்தான் தொடர வேண்டும்.

இவ்வளவும் ஒத்துழைக்கும் சாட்சிக்கு. வாய் திறக்க விரும்பாதவரிடம் இந்த முறை வேலை செய்யாது.

---

தாமரை_வக்கீல்

நீலமேகம் அண்ணன் சொன்னதோடு ஒன்று. ஆள் பிடிபட்ட பிறகு அடையாள அணிவகுப்பு வரும், அதாவது பலர் நடுவே நிற்கும் அவனைச் சாட்சி அடையாளம் காட்ட வேண்டும். அதற்கு முன்னால் சாட்சியிடம் "இவன்தானா பாரு" என்று கைப்பேசியில் புகைப்படம் காட்டினால் அணிவகுப்பே பயனற்றது. அணிவகுப்பு முடிந்ததும் "கரெக்டா சொல்லிட்டீங்க" என்று யாரும் தட்டிக்கொடுக்கவும் கூடாது. 1998-ல் வெல்ஸும் பிராட்ஃபீல்டும் காட்டியது இது: தவறான ஆளைக் காட்டியவர்களிடமே அப்படிச் சொன்னபோது, தாங்கள் ஆரம்பத்திலிருந்தே மிக உறுதியாக இருந்ததாகவும், குற்றவாளியைத் தெளிவாகப் பார்த்ததாகவும் பிறகு சொன்னார்கள். உங்கள் செய்முறையின் முடிவில் இதற்கு இரண்டு நிமிடம் ஒதுக்குங்கள். விசாரணையை முடிக்கும்போது அதிகாரியின் எண்ணைக் கொடுத்து, "பிறகு ஏதாவது ஞாபகம் வந்தா, வந்தபடியே எனக்குச் சொல்லுங்க, அதுக்கு முன்னாடி வேற யார்கிட்டயும் அதைப் பேசிக்க வேண்டாம்" என்று கேட்டுக்கொள்ளுங்கள். அப்படி வரும் தகவலைத் தேதி, நேரம் போட்டுத் தனி வாக்குமூலமாக எழுத வேண்டும், பழையதில் செருகக் கூடாது.