புதுப்பிப்பு: மலைநாட்டின் மந்திர வட்டில்

நான் எழுதிவரும் புதினத்தின் மலைநாட்டில் காலம் அளக்கும் மந்திரச் செப்பு வட்டில் ஒருபோதும் பிழைக்காது என்று முந்தைய பதிவில் எழுதியிருந்தேன். பிழைக்காத கருவியால் கதை எப்படி நகரும் என்று சிலர் கேட்டிருந்தீர்கள். கேள்வி நியாயமானது என்பதால் கருவியையே மாற்றியிருக்கிறேன்.

அடியில் ஊசித்துளையிட்ட கிண்ணத்தை நீரில் மிதக்கவிட்டு, அது நிரம்பி மூழ்கும் பொழுதை ஒரு நாழிகை, அதாவது 24 நிமிடம், என்று கணக்கிட்ட நம் பழைய நாழிகை வட்டிலே இதற்கு மூலம். குளிர்ந்த நீருக்குப் பாகுத்தன்மை கூடுதல். துளை வழியே மெதுவாகத்தான் ஏறும். ஆகவே கடுங்குளிரில் வட்டில் தாமதமாக மூழ்கும். இந்த இயல்பையே மந்திரத்தின் விதியாக்கிவிட்டேன்: வட்டில் தாமதிக்கும் அளவுக்கு அந்த ஊரில் பொழுதும் நீளும்.

விடியாமல் நீளும் ஓர் இரவில், காவற்கிழவி நீருக்குள் தன் உள்ளங்கைகளை வைத்துச் சூடேற்ற, விளிம்பில் ஒரு கணம் தயங்கிய நீர் உள்ளே சரிந்து, வட்டில் 'களக்'கென்று அமிழ்கிறது. எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். மூழ்கிய வட்டிலை எடுத்து மீண்டும் மிதக்கவிட ஒருவர் விழித்தே இருக்க வேண்டும் என்பதை முன்பு மறந்திருந்தேன். அடுத்த அத்தியாயம் அவளுடைய உறக்கத்தைப் பற்றியது.