அடல்ட் படங்களில் நடித்தவர் இயக்குநரானால்: உங்கள் அனுபவங்களைச் சொல்லுங்கள் (வாசகர்களின் பதில்கள்)

லாஸ் ஏஞ்சலஸில் ஃப்ரீலான்ஸ் எடிட்டராக இருந்த காலத்தில், சான் ஃபெர்னாண்டோ வேலியில் ஒரு அடல்ட் பட நிறுவனத்துக்கும் எடிட் செய்து கொடுத்தேன். (வீட்டில் விளம்பரப் படம் என்றுதான் சொல்லி வைத்திருந்தேன்.) அங்கே ஒரு பெண் இயக்குநர், பல வருடம் நடித்துவிட்டு வந்தவர். எதற்குச் சம்மதம், எதற்குச் சம்மதமில்லை என்று நடிப்பவர்கள் எழுதித் தரும் தாள் எல்லா ஷூட்டிங்கிலும் உண்டு. மற்றவர்கள் கையெழுத்தைப் பார்த்ததோடு சரி. இவர் ஒவ்வொருவரோடும் தனியாக உட்கார்ந்து படித்துக் காட்டுவார். வாயால் சொல்லும் "சரி"க்கும் மனசாரச் சொல்லும் "சரி"க்கும் வித்தியாசம் அவருக்குத் தெரியும். கேமரா ஓட ஆரம்பித்த பிறகு புதிதாக எதையும் கேட்க மாட்டார். எனக்கும் வேலை சுலபம். வெட்டி மறைக்க வேண்டிய தயக்கமான முகங்களே வராது.

வயதுச் சான்றுகளையும் தானே சரிபார்ப்பார். 2257 என்ற அமெரிக்கக் கூட்டாட்சிச் சட்டப்படி அந்த ஆவணங்களைத் தயாரிப்புத் தரப்பு பாதுகாத்து வைக்க வேண்டும். தவறினால் சிறைகூட உண்டு.

பணத்தில்தான் ஏமாற்றம். நடிக்கும்போது காட்சிக்கு இவ்வளவு என்று ஒருமுறைக் கூலி, ராயல்டி கிடையாது. இயக்குநரான பிறகும் அதே கதை. படம் எத்தனை வருடம் விற்றாலும் உரிமை நிறுவனத்துக்குத்தான். "நாற்காலி மாறுச்சு, செக் மாறலை" என்பார்.

*

அதனால்தான் கேண்டிடா ராயல் சொந்த நிறுவனமே ஆரம்பித்தார் போல. 1970களில் அடல்ட் படங்களில் நடித்தவர், 1984இல் ஃபெம் புரொடக்‌ஷன்ஸ் தொடங்கி, பெண் பார்வையாளர்களை மனதில் வைத்துப் படம் எடுத்தார். அதற்கு முந்தைய வருடம் நியூயார்க்கில் சக நடிகைகளோடு சேர்ந்து உருவாக்கிய கிளப் 90 என்ற ஆதரவுக் குழு, அவர்களுக்குக் குடும்பம் மாதிரி. 2015இல் இறந்தார். அவருடைய டைரிகளும் கடிதங்களும் இப்போது ஹார்வர்டின் ஷ்லெசிங்கர் நூலகத்தில் இருக்கின்றன. வேறொரு ஆய்வுக்காக அங்கே போனபோது கேட்டலாகில் அந்தப் பெயரைப் பார்த்துக் கொஞ்சம் திகைத்துத்தான் போனேன்.

*

எல்லோரும் அப்படி இல்லை நண்பர்களே. நான் சவுண்டு எடுத்த ஒரு செட்டில் இயக்குநர் முன்னாள் நடிகர். ஒரு பெண் பிரேக் கேட்டதற்கு, "நாங்க எல்லாம் இதைவிட மோசமா பார்த்தாச்சு" என்று எல்லோர் முன்னாலும் சொன்னார். ஒன்றும் பேசாமல் பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டாள். அன்றைய ஷூட்டிங் அதோடு காலி. எங்கள் சம்பளமும்.