பொருள்: லேட்டிஸ், வைட்ஃபீல்ட் - தமிழ்ல என்ன போடலாம்? (வெள்ளிக்குள்ள வேணும்)

மொழிபெயர்ப்பாளர் எழுதினது:

எல்லாருக்கும் வணக்கம். கண் நோயாளிங்க கையில குடுக்கற ரெண்டு பக்க விளக்கத்தாள் ஒண்ணு தமிழாக்கம் பண்ணிட்டிருக்கேன், வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகுது. விழித்திரை வரைக்கும் வண்டி ஓடுது, அதுக்கப்புறம் நின்னுடுச்சு. அதோட ஓரப்பகுதி, அங்க வர்ற லேட்டிஸ் டிஜெனரேஷன்ங்கற மாற்றம், அதை அகலமாப் படமெடுக்கற வைட்ஃபீல்ட் கேமரா, இந்த மூணும்தான் இடிக்குது. இப்போதைக்கு "புறவிழித்திரை", "பின்னல் சிதைவு", "அகல்புலப் படம்"னு போட்டு வச்சிருக்கேன். தயவுசெஞ்சு அடிச்சுத் திருத்துங்க.

கண் டாக்டர்:

மூணுமே ஆபத்து தம்பி :-)

புறவிழித்திரைன்னா விழித்திரையோட வெளி அடுக்குன்னு எடுத்துக்குவாங்க. வெளி அடுக்கு வேற, ஓரம் வேற. அடுத்து "அகல்புலம்". பார்வைப்புல சோதனைன்னு தனியா ஒண்ணு இருக்கு, கிளாக்கோமாங்கற கண் அழுத்த நோய்க்கு அடிக்கடி எழுதிக் குடுப்போம், நோயாளி வெளிச்சப் புள்ளி தெரியறப்பல்லாம் பட்டனை அமுக்கணும். புலம்னு எழுதினா ரெண்டையும் குழப்பிக்கிட்டு "போன மாசந்தானே எடுத்தேன்"னு வந்து நிப்பாங்க.

"சிதைவு" வேண்டவே வேண்டாம். லேட்டிஸ் நூத்துக்கு ஆறுலருந்து பத்துப் பேருக்கு இருக்கும், மைனஸ் பவர் கூடுதலா உள்ளவங்களுக்கு இன்னும் அதிகம். அதுல பெரும்பாலானவங்களுக்கு ஆயுசுக்கும் ஒண்ணும் ஆகறதில்ல, லேசர்கூட வேண்டியதில்ல, அப்பப்ப பாத்துக்கிட்டா போதும். சிதைவுன்னு படிச்சிட்டு ராத்திரி தூங்காம கிடப்பாங்க.

புலவர் ஐயா:

டாக்டரம்மா சொன்னது சரி. ஆனா பின்னல் என்ற சொல்லிலும் எனக்கு உடன்பாடில்லை. பின்னல் சடைக்கு. சாளரத்தில் குறுக்கும் நெடுக்குமாக அடைத்த வேலைப்பாட்டுக்கு நம்மிடம் சொல் இல்லையா? சிலப்பதிகாரத்தில் இந்திரவிழவூரெடுத்த காதையில் "மான்கண் காலதர்" வருகிறது. கால் என்றால் காற்று, அதர் என்றால் வழி. மானின் கண் போலத் துளையிட்ட சன்னல். கண்ணுக்குள் இருக்கும் ஒரு பின்னலுக்குக் கண்ணையே உவமையாகக் கொண்ட சொல் கிடைத்திருக்கிறது, விடலாமா? "காலதர் நலிவு" என்க.

சாஃப்ட்வேர் தம்பி:

ஐயா, காலதர்னு எழுதினா காலுக்கு ஏதோ வியாதின்னு எலும்பு டாக்டர்கிட்ட போயிடுவாங்க 😀 பேசாம "கிராதி"ன்னு போடுங்க, கொத்தனாருக்குக்கூட தெரியும்.

இலக்கண வாத்தியார்:

கிராதி போர்த்துகீசியச் சொல் தம்பி. ஆங்கிலத்தை விரட்டிட்டு போர்த்துகீசியத்துக்குப் பாய் விரிக்கறதா?

சாஃப்ட்வேர் தம்பி:

சன்னலும் அவங்க குடுத்ததுதானே சார், அதை விரட்டிட்டீங்களா? புலவர் ஐயாவே மேல எழுதியிருக்காரு.

புலவர் ஐயா:

விளக்கத்துக்காக எழுதினேன். பலகணி என்று திருத்தி வாசிக்கவும்.

கண் டாக்டர்:

கொஞ்சம் நில்லுங்க, பாத்தா எப்படி இருக்கும்னு சொல்லிடறேன், அப்புறம் சண்டை போடலாம். கண் உருண்டையோட நடுக்கோட்டுக்கு முன்னாடி, விழித்திரை முடியற விளிம்புக்கு இணையா, நீளவாக்குல மெலிஞ்ச ஒரு பட்டை. அதுக்குள்ள சிலருக்கு வெள்ளை வெள்ளையா கோடுங்க ஒண்ணையொண்ணு வெட்டிக்கிட்டு ஓடும், அது தடிச்சு வெளுத்துப்போன ரத்தக்குழாய், அதனாலதான் அந்தப் பேரு. சிலருக்குக் கோடே இருக்காது, சின்னச் சின்ன ஓட்டைதான் இருக்கும். பட்டைக்கு மேல இருக்கற விட்ரியஸ், அதாவது கண்ணுக்குள்ள நிறைஞ்சிருக்கற ஜெல், தண்ணியாயிடும், ஆனா பட்டையோட கரையில மட்டும் இறுக்கிப் பிடிச்சிருக்கும். வயசாகி ஜெல் பிரிஞ்சு வரும்போது அந்தக் கரையில இழுத்தா கிழியும், கிழிசல் வழியா தண்ணி இறங்கி விழித்திரை பெயர்ந்து வந்துடும். அதனால நோயாளிக்கு விளங்கவேண்டியது பின்னலா காலதரா இல்ல, "மெலிஞ்சிருக்கு". திடீர்னு மின்னல் வெட்டினாலோ, பூச்சி பூச்சியா பறந்தாலோ, ஒரு பக்கமா நிழல் இறங்கினாலோ அன்னைக்கே ஓடி வரணும், இதுதான் தாள்ல கொட்டை எழுத்துல நிக்கணும்.

இலக்கண வாத்தியார்:

அப்ப "பின்னல் மெலிவு"ன்னே போட்டுடலாம். நலிவுன்னா நோவு ஒட்டிக்கிட்டு வருது, மெலிவுல அது இல்ல. தொல்காப்பியத்துல "மெலிக்கும்வழி மெலித்தல்"னு வல்லெழுத்து மெல்லெழுத்தாறதுக்கு வந்துடுமேன்னு யாரும் கிளம்பவேண்டாம்.

படத்துக்கு வர்றேன். புலத்தை எடுத்துட்டு "அகல் படம்"னு நான் எழுத நினைச்சேன், கை நின்னுடுச்சு. அகல்னா அகலமான, சரி. அகல்னா விலகு, அதுவும் சரி. "விழித்திரை அகல் படம்"னா வினைத்தொகையா எடுத்து விழித்திரை அகன்ற படம், அதாவது பெயர்ந்துபோன படம்னு ஒருத்தன் வாசிச்சா இலக்கணப்படி நான் மறுக்க முடியாது.

சாஃப்ட்வேர் தம்பி:

அகல் விளக்கை விட்டுட்டீங்க.

புலவர் ஐயா:

திரையையும் சேர்த்துக்கொள்ளுங்கள். திரை என்றால் மறைப்பு, திரை என்றால் அலை, "நரை திரை" என்னும்போது தோல் சுருக்கம். பெயர்ந்த விழித்திரை கண்ணுக்குள் எப்படித் தோன்றும், டாக்டர்?

கண் டாக்டர்:

அலை மாதிரி மடிப்பு மடிப்பா அசையும். ஐயா, இதை இனிமே நான் ஒவ்வொரு தடவையும் நினைப்பேன் :-)

மொழிபெயர்ப்பாளர்:

இன்னைக்கு புதன். வைட்ஃபீல்ட், அல்ட்ரா வைட்ஃபீல்ட் ரெண்டும் மூலத்துல இருக்கு. ஒரே சொல் போட்டா போதுமா?

கண் டாக்டர்:

வேற வேறதான். சாதாரண கேமரா 30லருந்து 50 டிகிரி வரைக்கும் பிடிக்கும், நடுப்பகுதி மட்டும். இந்தப் பேருங்க கண்டபடி புழங்குதுன்னு 2019ல நிபுணர் குழு ஒண்ணு வரையறை வச்சாங்க. கண்ணோட நடுக்கோட்டுக்கிட்ட வோர்ட்டெக்ஸ் சிரைன்னு ரத்தத்தை வெளியேத்தற குழாய்ங்க இருக்கு, நாலு பக்கமும் அதோட முகப்பு வரைக்கும் தெரிஞ்சா வைட்ஃபீல்ட், நாலு பக்கமும் அதையும் தாண்டிப் போனா அல்ட்ரா. 200 டிகிரின்னு சொல்ற மெஷின் ஒரே படத்துல விழித்திரையில சுமார் 80 சதவீதத்தைக் காட்டும். ஸ்காட்லாந்துல அந்த மெஷினைச் செய்யற ஆப்டோஸ் கம்பெனியை ஆரம்பிச்சவரோட அஞ்சு வயசுப் பையனுக்கு விழித்திரை பெயர்ந்தது லேட்டா தெரிஞ்சு ஒரு கண்ணுல பார்வை போயிடுச்சு, அதுலருந்துதான் அந்தக் கேமராவே வந்துச்சு.

ஆனா "முழு விழித்திரைப் படம்"னு மட்டும் எழுதிடாதீங்க, கெஞ்சிக் கேக்கறேன். மேலயும் கீழயும் இமையும் இமைமுடியும் மறைக்கும், ஓரம் இழுபட்டுத் தெரியும், லேசர் கலர்ங்கறதால நிறமும் அசல் இல்ல. சொட்டு மருந்து விட்டு, கண்ணை வெளியிலருந்து லேசா அழுத்தி நாங்க பாக்கறதுக்கு அது மாத்து கிடையாது. முழுசுன்னு எழுதினா "படம்தான் எடுத்தாச்சே"ன்னு அந்தப் பரிசோதனைக்கு வரமாட்டாங்க.

இலக்கண வாத்தியார்:

"அகலப்படம்", "மீயகலப்படம்". "அகலம்"ங்கற பெயர்ச்சொல்லா ஆனதும் விலகற பொருள் போயிடுச்சு, மீன்னா மிகுதி. ஓரத்துக்கு "ஓர விழித்திரை". ஓரக்கண், ஓரவஞ்சனைன்னு ஞாபகம் வந்தா வரட்டும்.

புலவர் ஐயா:

விழித்திரை முடியும் அந்த விளிம்பு ரம்பம் போல் இருக்கும் என்று எங்கோ படித்தேன். பொருநராற்றுப்படையில் "அரவாய் வேம்பு" உண்டு, அரம் போன்ற ஓரமுடைய வேப்பிலை. "அரவாய் விளிம்பு" என்று வைத்தால்?

கண் டாக்டர்:

அந்த விளிம்புக்கு எங்க பேரு ஓரா செராட்டா! அப்படியே பொருந்துது, அசந்துட்டேன் ஐயா.

மொழிபெயர்ப்பாளர்:

பிரமாதம். ஆனா தாள்ல அந்த வார்த்தையே வரல.

சரி, ஓர விழித்திரை, பின்னல் மெலிவு, அகலப்படம், மீயகலப்படம். பின்னல் மெலிவு முதல் தடவை வரும்போது பக்கத்துல லேட்டிஸ்னும் போட்டுடறேன், வேற ஊர் டாக்டர்கிட்ட காட்டினா அவங்க வாயிலருந்து அதுதான் வரும். பெரும்பான்மை இதுதான்னு எடுத்துக்கறேன், அனுப்பிட்டேன். நன்றி.

சாஃப்ட்வேர் தம்பி:

லேட்டிஸ் எப்படியும் உள்ள வரப்போகுதுன்னா இவ்வளவு நேரம் எதுக்கு மல்லுக்கட்டினோம்?

புலவர் ஐயா:

கோப்பு போனது போகட்டும். பின்னல் என்பதற்கு என் எதிர்ப்பைப் பதிவு செய்கிறேன். நத்தைத்தடம், கூழாங்கல் பாவினது போன்ற திட்டுகள், அழுத்தாமலே வெளுத்த பகுதி என்று ஓர விழித்திரை மாற்றங்களுக்கு இன்னும் பட்டியல் இருக்கிறதாமே, டாக்டர் தனிமடலில் சொன்னார். அவற்றுக்குத் தனி இழை தொடங்குகிறேன், இம்முறை கெடு எதுவும் வைக்கவேண்டாம்.