எக்ஸிட் 8: பலகை 5, 6 வரை ஏறி மறுபடி 0 ஆகிறது. எங்கே விட்டுப்போகிறது?

கரும்புக்காட்டுத்_தம்பி (சேந்த் ஆந்த்ரே, இந்தியப் பெருங்கடலில் உள்ள பிரெஞ்சுத் தீவான ரீயூனியன்)

எல்லாருக்கும் வணக்கம். எக்ஸிட் 8 விளையாட்டை முடிக்க உதவி வேணும். தெரியாதவங்களுக்கு: ஜப்பானியப் பாதாள ரயில் நிலைய நடைபாதை ஒண்ணு திரும்பத் திரும்ப வரும். அதில் ஏதாவது மாறியிருந்தா (அதுதான் அனாமலி) வந்த வழியே திரும்பணும், எதுவும் மாறலைன்னா நேரே போகணும். முடிவு சரின்னா பலகையில் எண் ஒண்ணு ஏறும், தப்புன்னா 0. எட்டு வரை ஏறி வெளியேறணும். கணினி விளையாட்டுக் கடையான ஸ்டீமில் வாங்கினது. விண்டோஸ் 11 லேப்டாப், தனி கிராபிக்ஸ் கார்டு கிடையாது. இங்கே கடையில் கிடைக்கிற அசெர்ட்டி (பிரெஞ்சு எழுத்து வரிசை) விசைப்பலகைதான்.

பிரச்சினை மூணு. பலகையில் எண் 5 அல்லது 6 வரை ஏறுது, அடுத்த திருப்பத்தில் 0. எதைத் தவறவிட்டேன்னு விளையாட்டு சொல்றதே இல்லை. ரெண்டாவது, சிவப்புத் தண்ணீர் பாய்ஞ்சு வரும்போது திரும்பி ஓட முடியலை, விரல் சிக்குது. மூணாவது, எதிரே நடந்து வர்ற ஆளுக்குப் பின்னால் மங்கலா ஒரு சுவடு இழுத்துக்கிட்டே வருது. அது அனாமலியா, கிராபிக்ஸ் கோளாறா?

முழுப் பட்டியல் வேண்டாம், நானே கண்டுபிடிக்கணும். எப்படிப் பார்க்கிறதுன்னு மட்டும் சொல்லிக் கொடுங்க.

எரிமலை_974 (சான் தெனி)

தம்பி, முதல்ல கணக்கைப் பாருங்க. எட்டுக்குப் போக எட்டு முடிவும் ஒண்ணு விடாம சரியா அமையணும். ஒரு நடைபாதைக்கு நூற்றுக்குத் தொண்ணூறு சரியாப் பார்க்கிறவருக்கே எட்டும் தொடர்ந்து சரியாகிற வாய்ப்பு 43 சதவீதம்தான். எண்பதுன்னா 17-க்கு இறங்கிடும். தொண்ணூத்தஞ்சு ஆக்கினா 66. அதனால 5, 6-இல் விழுறவங்க மேற்கொண்டு ஏதோ ரகசியம் தெரிஞ்சுக்கணும்னு இல்லை. பார்க்கிற முறையில் கொஞ்சம் ஒழுங்கு வந்தாலே போதும்.

0 ஆகிறதுக்கு வழி ரெண்டு இருக்கு. இருக்கிற மாற்றத்தைப் பார்க்காம நேரே போறது ஒண்ணு. இல்லாததை இருக்குன்னு நம்பித் திரும்புறது இன்னொண்ணு. எண் ஏற ஏற ரெண்டாவதுதான் அதிகமா ஆளைக் கவுக்குது, ஏன்னா பதற்றத்தில் ஒவ்வொரு போஸ்டரும் புதுசாத் தெரியும். இதுக்கு ஒரே மருந்து, மாற்றம் இல்லாத நடைபாதை மனப்பாடமா இருக்கிறது.

விளையாட்டு தொடங்கினதும் வர்ற முதல் நடைபாதையில் மாற்றம் எதுவும் கிடையாது. நேரக் கட்டுப்பாடும் இல்லை. அங்கேயே நில்லுங்க. ஒரு சுவரில் போஸ்டர்கள், எதிர்ச் சுவரில் கதவுகள், மேலே விளக்கு வரிசை, காற்றுத் துளைகள், கேமரா, தொங்கும் மஞ்சள் பலகை, தரையில் மஞ்சள் கட்டம், எதிரே வெள்ளைச் சட்டையும் பையும் கைபேசியுமா ஒரு ஆள். அவ்வளவுதான் மொத்தச் சாமான். போஸ்டர் எந்த வரிசையில் வருது, ஒவ்வொரு கதவிலும் கைப்பிடி எந்தப் பக்கம், எவ்வளவு உயரத்தில் இருக்கு, இதையெல்லாம் வாய்விட்டுச் சொல்லிப் பார்த்துக்குங்க. கைப்பிடி கதவின் நடுவில் இருக்கிற அனாமலி ஒண்ணு உண்டு. மனசில் பழைய கதவு பதியாதவங்க அதை ரொம்ப இயல்பாத் தாண்டிப் போயிடுவாங்க.

அப்புறம் எஃப் 12 விசையால் ஸ்டீம் படம் எடுங்க. நுழைகிற மூலையிலிருந்து ஒண்ணு, நடுவில் நின்னு போஸ்டர் பக்கம் ஒண்ணு, கதவுப் பக்கம் ஒண்ணு, கடைசி மூலையிலிருந்து பின்னால் பார்த்து ஒண்ணு. நிற்கிற இடம் ஒவ்வொரு தடவையும் ஒரே இடமா இருக்கணும். அதுக்குச் சுலப வழி, சுவர் மூலையில் முட்டி மேலே நகர முடியாம நிக்கிற வரைக்கும் தள்ளிக்கிட்டே போறது. பயிற்சிக்காக, 0-க்குத் திரும்பினாலும் பரவாயில்லைன்னு, சந்தேகமான நடைபாதையிலும் அதே நாலு படத்தை எடுத்துட்டு விளையாட்டை மூடிப் பாருங்க. ரெண்டு படத்தையும் ஒரே ஜன்னலில் வெச்சு அம்பு விசையால் மாத்தி மாத்திப் பார்த்தா, மாறின இடம் மட்டும் துள்ளும். 1930-இல் வானியலாளர் க்ளைட் டோம்பா புளூட்டோவைக் கண்டுபிடிச்சது இந்த முறையில்தான். வெவ்வேறு இரவில் எடுத்த ரெண்டு வானப் படத்தை ஒரு கருவியில் மாத்தி மாத்திப் பார்த்தார், நகர்ந்த புள்ளி மட்டும் துள்ளிச்சு.

விளையாடும்போது அந்தத் துள்ளல் ஏன் கிடைக்கிறதில்லைன்னா, நடைபாதைக்கு நடைபாதை நடுவே ரெண்டு திருப்பம் இருக்கு. ரெண்டு படத்துக்கு நடுவில் கண நேரம் வெற்றுத் திரை காட்டினாலே பெரிய மாற்றம்கூடக் கண்ணுக்குத் தப்பிடும்னு 1997-இல் உளவியல் ஆய்வாளர் ரென்சிங்கும் கூட்டாளிகளும் சோதிச்சுக் காட்டினாங்க. அந்த வெற்றுத் திரை வேலையைத்தான் இங்கே மூலைச் சுவர் செய்யுது. அதனால "ஏதாவது வித்தியாசமா இருக்கா"ன்னு பொதுவாப் பார்த்தா சிக்காது. ஒவ்வொரு பொருளா "இது சரி, இது சரி"ன்னு பேர் சொல்லிக் கடக்கணும்.

தாம்பொன்_அக்கா (லெ தாம்பொன்)

தம்பி, உங்க ரெண்டாவது, மூணாவது கேள்விக்கு நான் சொல்றேன்.

இந்த விளையாட்டு டபிள்யூ, ஏ, எஸ், டி எழுத்துகளை வெச்சு நடக்குது. வழக்கமான ஆங்கில (குவெர்ட்டி) விசைப்பலகையில் டபிள்யூ மேல் வரிசையில் இருக்கும். நம்ம அசெர்ட்டியில் அது கீழ் வரிசையில், இடது ஷிஃப்ட்டுக்குப் பக்கத்துக்குப் பக்கத்து விசை. ஓடுறதுக்கும் ஷிஃப்ட்தான். சுண்டு விரலும் அதை ஒட்டின விரலும் ஒரே மூலையில் நெருக்கிக்கிட்டு, ஏ மட்டும் இடது மேல் மூலையில் தனியாக் கிடக்கும். தண்ணீர் வரும்போது விரல் சிக்குறது இதனாலதான்.

விண்டோஸ் அமைப்புகளில் நேரமும் மொழியும், அதுக்குள்ளே மொழியும் வட்டாரமும். அங்கே ஆங்கிலம் அமெரிக்கா விசைப்பலகையைச் சேருங்க. பிரெஞ்சு அப்படியே இருக்கட்டும், நீக்க வேண்டாம். விளையாட்டைத் திறக்கிறதுக்கு முன்னால் விண்டோஸ் விசையோட ஸ்பேஸ் அழுத்தினா மாறிடும், முடிச்சதும் அதே மாதிரி அழுத்தினா பிரெஞ்சுக்குத் திரும்பிடும். இப்போ விசைமேல் அச்சடிச்ச எழுத்தைப் பார்க்காதீங்க. இசட், கியூ, எஸ், டி அச்சடிச்ச நாலு விசையில் விரலை வெச்சா அதுவே சரியான இடம். விளையாட்டு ஏற்கெனவே ஓடிக்கிட்டு இருக்கும்போது மாத்தினா சில சமயம் எடுத்துக்காது, மூடித் திறங்க. கேம்பேட் இருந்தா ஸ்டீம் இன்புட் வழியா அதில் வெச்சுக்கலாம்.

சுவடு விஷயம்: அது அனாமலி இல்லை. தனி கார்டு இல்லாத லேப்டாப்பில் ஃப்ரேம் (நொடிக்கு வரையிற படங்கள்) குறைஞ்சா, முந்தின ஃப்ரேமோட மிச்சம் நகர்கிற பொருளுக்குப் பின்னால் ஒட்டிக்கிட்டே வரும். அன்ரியல் எஞ்சின் 5-ங்கிற விளையாட்டு உருவாக்கும் மென்பொருளில் செஞ்ச விளையாட்டுகளில் இது அடிக்கடி தெரியும். சோதிக்கிறது எப்படின்னா, நீங்க அசையாம நின்னு மவுசை மட்டும் வேகமா ஆட்டிப் பாருங்க. போஸ்டர் ஓரமும் கதவு ஓரமும் அதே மாதிரி இழுபட்டா அது படம் வரைகிற கோளாறு.

தரத்தைக் குறைக்கணும்னா நிழலையும் பிரதிபலிப்பையும் முதல்ல குறைங்க. ரெசல்யூஷனைக் கடைசி வரைக்கும் தொடாதீங்க. திரையின் சொந்த ரெசல்யூஷனுக்குக் கீழே போனா, கூரைக் கேமராவில் எரியிற சின்னச் சிவப்பு விளக்கு மாதிரியானவை நாலஞ்சு புள்ளிக்குள்ளே கரைஞ்சு போயிடும். விண்டோஸின் இரவு விளக்கையும் அணைச்சுடுங்க, நிறத்தையே மாத்திக் காட்டும். நம்ம தீவோட டிசம்பர், ஜனவரி கோடை வெக்கையில் கடலோரத்தில் லேப்டாப் சூடேறித் தானாவே வேகத்தைக் குறைச்சுக்கும். ஃப்ரேமை 30-க்குக் கட்டி, சார்ஜரில் போட்டு, அடியில் காற்றுப் போக இடம் விட்டு ஓட்டுங்க. நடைபாதை விளையாட்டுக்கு 30 நிலையா வந்தாப் போதும். 60-க்கும் 20-க்கும் நடுவே ஆடினாத்தான் தலைசுத்தலும் வரும், சுவடும் வரும்.

கரும்புக்காட்டுத்_தம்பி

அக்கா, சுவர்ப் போஸ்டர் ஓரமும் இழுபடுது, அப்போ கோளாறுதான். விசை மாத்தியாச்சு, ஓட்டம் இப்போ சரி. ரொம்ப நன்றி.

அண்ணா, இன்னும் ரெண்டு சந்தேகம். அனாமலி பார்த்துத் திரும்பி நடந்தா, அடுத்த நடைபாதையை வலது இடது மாத்திப் பார்க்கணுமா? அப்புறம், நம்ம தீவில் பாதாள ரயிலே கிடையாதே. அந்த மஞ்சள் தரைக்கட்டம் இயல்பா எப்படி இருக்கும்னே தெரியலை. கோடு இருக்கிறதும் புள்ளி இருக்கிறதும் ரெண்டும் அனாமலியோன்னு தோணுது.

லெபோர்_பயணி (லெ போர்)

தரைக்கட்டம் நல்ல கேள்வி. அது பார்வையற்றோர் காலாலும் கோலாலும் உணர்ந்து நடக்க வைத்திருக்கும் கட்டம். ஜப்பானில் செய்இச்சி மியாகே 1965-இல் உருவாக்கியது. 1967-இல் ஒகாயாமா நகரத்தில் ஒரு சாலைக் கடப்பில் முதன்முதலாகப் பதித்தார்கள். நீளக் கோடு போட்ட கட்டம் "இந்தத் திசையில் நட" என்கிறது. புள்ளி போட்ட கட்டம் "நில், கவனி" என்கிறது. திருப்பம், படி, பாதை பிரியும் இடம் ஆகியவற்றில் புள்ளி வரும். ஆகவே நேர்ப் பாதையில் கோடும் திருப்பத்தில் புள்ளியும் இருப்பது முறைதான், அதற்காகத் திரும்ப வேண்டாம். கட்டங்களின் உருவமே குலைந்து வேறு எதையோ காட்டினால் திரும்புங்கள்.

தொங்கும் பலகை மஞ்சளாக இருப்பதும் அந்த ஊர் வழக்கம்தான். ஜப்பானிய ரயில் நிலையங்களில் வெளியேறும் வழியை மஞ்சள் பலகையில் காட்டுவார்கள். ஜப்பானிய எழுத்து தெரியாவிட்டாலும் பலகை நேராக இருக்கிறதா தலைகீழாக இருக்கிறதா என்று கண்டுகொள்ள அம்புக்குறியும் எண்ணும் போதும். எழுத்தை மட்டும் வெறித்துப் பார்த்துக் குழம்பாதீர்கள்.

வலது இடது மாற்ற வேண்டியதில்லை. முன்னால் போனாலும் திரும்பிப் போனாலும் அடுத்த நடைபாதை அதே முகமாகத்தான் எதிரே வரும். போஸ்டர் சுவர் எப்போதும் அதே பக்கம். மனப்பாடம் ஒன்று போதும்.

எரிமலை_974

லெபோர் அண்ணன் சொன்னதோட, நடக்கிற வரிசையையும் வெச்சுக்குங்க.

திருப்பத்தைத் தாண்டினதும் நடக்காதீங்க. நின்ன இடத்திலேயே தூரத்தைப் பாருங்க. விளக்கு வரிசை நேரா, ஒரே இடைவெளியில் இருக்கா, கடைசிச் சுவர் ஓரத்தில் யாராவது நிக்கிறாங்களா, வர்ற ஆளின் உயரமும் வேகமும் வழக்கம்தானா. ஆபத்தானவை பெரும்பாலும் இந்த முதல் பார்வையிலேயே சிக்கிடும். கோடியில் ரெண்டு பேர் சேர்ந்து நின்னா கிட்டே போகாதீங்க. கடைசிச் சுவரில் ஓட்டுக் கட்டங்கள் (டைல்ஸ்) மனுஷ உருவில் லேசாப் புடைச்சுத் தெரியுதான்னு பாருங்க. அங்கே ஒளிஞ்சு நிக்கிற ஆள் டைல்ஸ் நிறத்திலேயே இருப்பான், நெருங்கினாத்தான் துரத்துவான். அவனைப் பார்க்கிற ஒரே நல்ல கோணம், நடைபாதையின் நடுவில் வந்து சுவரை ஓரக்கண்ணால் இல்லாம நேரா நோக்கறதுதான்.

ரெண்டாவதாப் பார்க்க வேண்டியது, எதிரே நடந்து வர்ற ஆளை. அவன் நம்மைத் தாண்டிப் போனா மறுபடி பார்க்கக் கிடைக்க மாட்டான். அதனால போஸ்டருக்கு முன்னால் அவனை முடிச்சுடுங்க. உயரம், வேகம், கடைசியா முகம். அவன் சிரிக்கிறதை உடம்பைப் பார்த்துக்கிட்டே போறவங்க கவனிக்கவே மாட்டாங்க.

மூணாவது போஸ்டர். கதவுச் சுவரில் முதுகை ஒட்டி, பக்கவாட்டில் மெதுவா நகருங்க. எல்லாப் போஸ்டரும் ஒரே பார்வையில் விழும். ஒரே படம் திரும்பத் திரும்ப வருதா, முகம் மாறியிருக்கா. கண் நகர்கிற போஸ்டர் ஒண்ணு இருக்கு. நின்னு பார்த்தாச் சிக்காது, நீங்க நகரும்போது அது நகர்றதைத்தான் பார்க்கணும். அப்புறம் எதிர்ச் சுவருக்குப் போய்க் கதவு: கைப்பிடி, ஓரத்தில் இடுக்கு. பிறகு தலையைத் தூக்கிக் கூரை: கறை, துளையிலிருந்து ஏதாவது வழியுதா, கேமரா. மவுசை மேலே தள்ள மறக்கிறதுதான் இதில் நிறையப் பேருக்கு 0 கொண்டு வருது, கண் மட்டத்துக்கு மேலே யாரும் பார்க்கிறதில்லை.

கடைசி மூலைக்கு முன்னால் நின்னு, பின்னால் திரும்பி முழு நடைபாதையையும் மறுபடி பாருங்க. இதை விட்டுடவே கூடாது. போஸ்டர் கொஞ்சம் கொஞ்சமாப் பெருசாகிற அனாமலி நுழையும்போது ஒண்ணும் காட்டாது. விளக்கு அணைகிறதும் உள்ளே வந்தப்புறம்தான்.

சந்தேகம் வந்தா என்ன செய்யறதுன்னு கேட்பீங்க. மூலையைத் தாண்டாத வரைக்கும் எதுவும் முடிவாகாது. நடைபாதைக்குள்ளே முன்னும் பின்னுமா எத்தனை தடவை வேணும்னாலும் நடக்கலாம். சந்தேகப்பட்ட பொருளைப் பேர் சொல்லி, "முதல் நடைபாதையில் இது இப்படி இருந்தது, இப்போ இப்படி இருக்கு"ன்னு ஒரு வாக்கியமாச் சொல்ல முடிஞ்சாத் திரும்புங்க. சொல்ல முடியலைன்னா அது வெறும் பயம், நேரே போங்க. வாக்கியம் வரலைன்னாலும் திரும்பணும்னு மனசு அடிச்சுக்கும், அப்போ கைப்பிடியையும் விளக்கு வரிசையையும் மட்டும் மறுபடி பார்த்துட்டு முடிவெடுங்க. இந்த ரெண்டும்தான் வழக்கமாக் கண்ணை ஏமாத்துது.

கரும்புக்காட்டுத்_தம்பி

விளக்கு இடைவெளி கோணலா இருந்ததை இப்போ முதல் தடவையாப் பிடிச்சேன் அண்ணா, நின்ன இடத்திலேயே தெரிஞ்சுது. எண் 7. எட்டு வந்ததும் முடிஞ்சுதா?

எரிமலை_974

பலகையில் 8 பார்த்ததும் ஷிஃப்ட்டை அழுத்தாதீங்க. மேலே ஏறுகிற படி கண்ணில் படுகிற வரைக்கும் அதே வரிசையில், அதே நிதானத்தில் பாருங்க.

தாம்பொன்_அக்கா

முடிச்சப்புறம் தம்பி, மறுபடி உள்ளே போங்க. மொத்தம் முப்பது சொச்சம் அனாமலி இருக்கு, ஒரு சுற்றில் பார்க்கிறது அதில் கொஞ்சம்தான். இதைச் செஞ்ச கோடாகே கிரியேட்டே 2024 மே மாசம் பிளாட்ஃபார்ம் 8-ங்கிற அடுத்த விளையாட்டை வெளியிட்டாங்க. அது ஓடுகிற ரயில் பெட்டிக்குள்ளே நடக்குது, திரும்பி நடக்கிற விதி அங்கே செல்லாது. இதில் பழகின வரிசையை அப்படியே கொண்டு போகாதீங்க. விசைப்பலகையை மட்டும் அதே மாதிரி ஆங்கிலத்துக்கு மாத்திட்டுத் திறங்க.