பழைய பிஎச்பி ஸ்கிரிப்ட்: கடவுச்சொல் சரியாக இருந்தும் ‘சேவையகத்துடன் இணைக்க முடியவில்லை’ என்கிறது

கேள்வி

அனைவருக்கும் வணக்கம். பழைய ஹோஸ்டிங் சேவையிலிருந்து புதிய சேவைக்கு 3.8 ஜிபி அளவுள்ள ஒரு ஜிப் கோப்பை மாற்ற வேண்டியுள்ளது. பல ஆண்டுகளாக நாங்கள் சேர்த்த புகைப்படங்கள் அனைத்தும் அதில்தான் இருக்கின்றன; வேறு பிரதி இல்லை. என் கணினிக்கு இறக்கி மீண்டும் ஏற்றும் அளவுக்கு இணைய வேகம் இல்லாததால், பிஎச்பி மொழியின் 5ஆம் பதிப்புக் காலத்தில் எழுதப்பட்ட ஒரு ஸ்கிரிப்டைப் புதிய சேவையகத்தில் வைத்து, பழைய சேவையகத்திலிருந்து எஃப்டிபி (கோப்புப் பரிமாற்ற நெறிமுறை) வழியாகக் கோப்பை நேரடியாக இழுக்க முயல்கிறேன். புதிய இடத்தில் பிஎச்பி 8.1 உள்ளது. முதலில் வெற்றுப் பக்கம்தான் வந்தது. பிழைச் செய்திகளைத் திரையில் காட்டும்படி அமைத்துப் பார்த்தபோது, ‘ஈச்’ ஃபங்ஷன் நீக்கப்பட்டுவிட்டது தெரிந்தது. அதை ‘ஃபார்ஈச்’ ஆக மாற்றினேன். இப்போது ‘சேவையகத்துடன் இணைக்க முடியவில்லை’ என்ற செய்தி உடனடியாக வருகிறது. அதே பயனர்பெயர், அதே கடவுச்சொல்லுடன் ஃபைல்சில்லா என்ற எஃப்டிபி மென்பொருளில் எந்தச் சிக்கலும் இல்லை. புதிய ஹோஸ்டிங் நிறுவனம் எஃப்டிபிக்கான 21ஆம் போர்ட்டைத் தடுத்திருக்குமோ?

மறுமொழி 1

போர்ட் தடுக்கப்பட்டிருந்தால் பெரும்பாலும் நேரம் முடியும்வரை காத்திருந்த பிறகுதான் பிழை வரும். உங்களுக்கு உடனடியாக வருவதால், இணைப்பு உண்மையில் கிடைத்து, ஸ்கிரிப்ட்தான் அதைத் தவறாகப் புரிந்துகொள்கிறது என நினைக்கிறேன். ‘எஃப்டிபி_கனெக்ட்’ வரிக்கு அடுத்த வரியில் ‘இஸ்_ரிசோர்ஸ்’ (மதிப்பு ‘ரிசோர்ஸ்’ வகையா எனப் பார்ப்பது) என்ற சோதனை இருக்கிறதா என்று பாருங்கள். பிஎச்பி 8.1க்கு முன்பு அந்த ஃபங்ஷன் ஒரு ரிசோர்ஸைத் திருப்பித் தந்தது, 8.1 முதல் ஓர் ஆப்ஜெக்டைத் தருகிறது. ஆகவே இணைப்பு கிடைத்தாலும் அந்தச் சோதனை ‘இல்லை’ என்றே சொல்லும். பழைய ஸ்கிரிப்டும் அதை நம்பி, தான் எழுதி வைத்திருக்கும் செய்தியைக் காட்டிவிட்டு நின்றுவிடும். திரும்பி வந்த மதிப்பு ‘ஃபால்ஸ்’ தானா என்று மட்டும் மூன்று சமக்குறிகளால் ஒப்பிடும்படி மாற்றுங்கள்.

கேட்டவர்

மிக்க நன்றி ஐயா, அந்தச் சோதனை அங்கேயே இருந்தது. மாற்றியதும் உள்நுழைவு வெற்றி என்று வந்துவிட்டது. ஆனால் கோப்பை இழுக்கத் தொடங்கும் இடத்தில் நெடுநேரம் நின்று, பிறகு தோல்வியடைகிறது. புதிய இடத்தில் 0 பைட் அளவில் ஒரு கோப்பு உருவாகிறது.

மறுமொழி 1

இப்போதுதான் ஃபயர்வால் குறுக்கே வருகிறது. எஃப்டிபியில் கட்டளைகளுக்கு ஓர் இணைப்பும் தரவுக்கு வேறோர் இணைப்பும் உண்டு. ஆக்டிவ் முறையில் பழைய சேவையகம்தான் உங்கள் புதிய சேவையகத்தை நோக்கித் தரவு இணைப்பைத் திறக்க முயலும். உள்ளே வரும் அந்த இணைப்பைப் புதிய சேவையகத்தின் ஃபயர்வால் தடுத்துவிடும். ‘எஃப்டிபி_லாகின்’ வரிக்குப் பிறகு ‘எஃப்டிபி_பாஸ்வ்’ ஃபங்ஷனை ‘ட்ரூ’ என்று அழையுங்கள். இந்தப் பாஸிவ் முறையில் தரவு இணைப்பையும் புதிய சேவையகமே திறக்கும். லாகினுக்கு முன்பு அழைத்தால் பயன் இல்லை.

கேட்டவர்

சேர்த்தேன், இன்னும் நிற்கிறது. ‘எஃப்டிபி_ரா’ மூலம் பாஸ்வ் கட்டளையை அனுப்பிப் பார்த்தபோது 227 என்ற எண்ணுடன் 10,0,0,12,195,80 என்று பதில் வந்தது.

மறுமொழி 2

அந்தப் பதிலிலேயே விடை இருக்கிறது. முதல் நான்கு எண்கள் ஐபி முகவரி. கடைசி இரண்டும் போர்ட், அதாவது 195ஐ 256ஆல் பெருக்கி 80ஐக் கூட்டினால் 50000. 10.0.0.12 என்பது பழைய சேவையகத்தின் உள்வலையமைப்பில் மட்டும் செல்லும் முகவரி. வெளியிலிருந்து அதை அடைய முடியாது. இப்படிப்பட்ட முகவரி வந்தால் ஃபைல்சில்லா தானாகவே அதைப் புறக்கணித்து, ஏற்கெனவே இணைந்த முகவரியையே பயன்படுத்தும். பிஎச்பி புறக்கணிப்பதில்லை, நாம்தான் சொல்ல வேண்டும். ‘எஃப்டிபி_செட்_ஆப்ஷன்’ மூலம் ‘எஃப்டிபி_யூஸ்பாஸ்வ்அட்ரஸ்’ என்பதை ‘ஃபால்ஸ்’ ஆக்குங்கள். வரிசை முக்கியம்: முதலில் லாகின், அடுத்து இந்த அமைப்பு, அதன் பிறகே பாஸ்வ்.

கேட்டவர்

கோப்பு வரத் தொடங்கிவிட்டது! ஆனால் சரியாக 60 நொடிகளில் 504 பிழை (காத்திருப்பு நேரம் முடிந்தது) வருகிறது. ‘செட்_டைம்_லிமிட்’ 0 என்று வைத்தும் மாற்றம் இல்லை.

மறுமொழி 2

அந்த வரம்பு பிஎச்பியுடையது அன்று, அதற்கு முன்னால் நிற்கும் வெப் சர்வருடையது. எஞ்ஜின்எக்ஸில் இயல்பாகவே 60 நொடிகள்தான். உலாவி வழியாக இயக்குவதைக் கைவிட்டு, கட்டுப்பாட்டுப் பலகையில் உள்ள கிரான் (குறித்த நேரத்தில் கட்டளையைத் தானாக இயக்கும் வசதி) வேலையாக ஒரே ஒரு முறை இயக்குங்கள். கட்டளைவரி பிஎச்பிக்குக் கால வரம்பு இயல்பாகவே 0. கிரான் அழைக்கும் பிஎச்பி, தளத்தில் ஓடும் பதிப்பாக இல்லாமல் போவதுண்டு. எனவே முழுப் பாதையையும் கொடுத்து விடுங்கள்.

இன்னொன்றையும் கட்டாயம் பாருங்கள். ‘எஃப்டிபி_கெட்’ வரியில் ‘எஃப்டிபி_ஆஸ்கி’ என்று இருந்தால் ‘எஃப்டிபி_பைனரி’ ஆக்குங்கள். ஆஸ்கி முறையில் வரி முடிவுக் குறிகள் மாற்றப்படும். உரைக் கோப்புக்கு அது தீங்கில்லை, ஜிப் கோப்போ சிதைந்துவிடும். ஏற்கெனவே பாதி வந்த கோப்பிலிருந்து தொடராமல், அதை அழித்துவிட்டு முதலிலிருந்து இழுங்கள். வேறு பிரதி இல்லை என்கிறீர்கள். ‘ஹேஷ்_ஃபைல்’ கொண்டு இரு பக்கமும் எஸ்எச்ஏ256 (கோப்பின் உள்ளடக்கத்திலிருந்து கணக்கிடும் சரிபார்ப்பு மதிப்பு) எடுத்து ஒப்பிடும்வரை பழைய கணக்கை மூட வேண்டாம்.

மறுமொழி 3

நண்பரே, பாதுகாப்பைப் பற்றி ஒரு வேண்டுகோள். இத்தகைய ஸ்கிரிப்டுகளில் கடவுச்சொல் கோப்பின் உள்ளேயே இருக்கும். சிலவற்றில் இணைய முகவரியின் பகுதியாகவே வந்து வெப் சர்வரின் பதிவேட்டிலும் விழும். பொதுக் கோப்புறையில் அதை விட்டுவைத்தால், முகவரி தெரிந்த எவரும் இயக்கலாம். மேலும் 1985ஆம் ஆண்டின் ஆர்எஃப்சி 959 வரையறுத்த எஃப்டிபி, கடவுச்சொல்லை மறையாக்கம் செய்யாமல்தான் அனுப்புகிறது. பழைய சேவையகம் இடங்கொடுத்தால் ‘எஃப்டிபி_எஸ்எஸ்எல்_கனெக்ட்’ பயன்படுத்துங்கள். இல்லாவிட்டால் வேலை முடிந்த அன்றே கடவுச்சொல்லை மாற்றிவிடுங்கள்.

கேட்டவர்

என் ஸ்கிரிப்டில் ஆஸ்கி என்றுதான் இருந்தது. அதைச் சுட்டிக்காட்டியிராவிட்டால் சிதைந்த கோப்பை வைத்துக்கொண்டு பழைய கணக்கை மூடியிருப்பேன். பைனரி முறையில், கிரான் வழியாக முழுக் கோப்பும் வந்து சேர்ந்தது. இரு பக்கத்து எஸ்எச்ஏ256 மதிப்புகளின் 64 எழுத்துகளும் ஒன்றாகவே உள்ளன. ஜிப்பை விரித்துப் படங்களையும் திறந்து பார்த்துவிட்டேன். கிரான் வேலையையும் ஸ்கிரிப்டையும் நீக்கிவிட்டு, கடவுச்சொல்லையும் மாற்றிவிட்டேன். மூவருக்கும் நெஞ்சார்ந்த நன்றி.